சுடக்கூடாத உருண்டை

கண்ணாடி அறுப்பதில் அவரை மிஞ்ச அந்தப் பக்கத்தில் ஆள் கிடையாது. முகத்துக்காகச் சொல்லும் வார்த்தை இல்லை இது; வேலை தெரிந்தவர்கள் யாரிடம் வேண்டுமானாலும் கேட்டுக்கொள்ளலாம். படித்தவன் நாடாவை வைத்து அளப்பான். கண்ணாடிக்காரர் கண்ணால் அளந்துவிட்டு, நாடாவைச் சாட்சிக்கு வைத்துக்கொள்வார். கட்டரை மண்ணெண்ணெயில் தொட்டு, மூச்சைப் பிடித்து, ஒரே இழுப்பு. ஒரு கோட்டின் மேல் இன்னொரு கோடு போடுகிறவன் கண்ணாடிக்காரனே இல்லை, கொத்தனாரிடம் போய் வேலை கேட்கலாம் என்பார்.

பள்ளிக்கூடம் ஐந்தாம் வகுப்போடு சரி. பட்டறைக்குள் நுழைந்தபோது கையில் கொடுத்தது துடைப்பம். முப்பத்தெட்டு வயதில் அங்கே இருந்த பெரிய மேசை அவருடையது. அவர் இல்லாத நாளில் முதலாளி பெரிய தகட்டை எடுக்கவே விடமாட்டார். சிபாரிசு என்று ஒரு வார்த்தை யாரும் அவருக்காகச் சொன்னதில்லை. தானாக முளைத்த மரம் அது. தானாக முளைத்த மரத்துக்குக் கொஞ்சம் திமிர் இருக்கத்தான் செய்யும்.

கல்யாணத்தில் மனைவியோடு கூடவே ஒரு பையனும் வந்து சேர்ந்தான். அவளுடைய தம்பி, அப்போது பன்னிரண்டு வயது, தாய் தகப்பன் இல்லை. "சீர் எல்லாம் வேண்டாம்னு சொன்னேன், ஒரு மச்சானைக் கட்டி அனுப்பிட்டாங்க" என்று கண்ணாடிக்காரர் ஊரெல்லாம் கேலி பேசினார். பேசினாரே தவிர, தட்டில் முதல் கரண்டி அந்தப் பையனுக்குத்தான் விழும். இவர்களுக்குப் பிள்ளை பிறக்கவில்லை. பிறகு அந்தப் பேச்சே வீட்டில் எழவில்லை, அதற்குத் தேவையும் வரவில்லை. மைத்துனன் இருந்தான்.

அந்த மைத்துனன்தான் இருபத்திரண்டு வயதில் துப்பாக்கி ஆட்டத்தில் இறங்கினான். கணினியில் ஆடுவது, அணிக்கு ஐந்து பேர், ஒரு அணி வெடிகுண்டை வைக்க வேண்டும், மற்றது அதைச் செயலிழக்க வைக்க வேண்டும். ஒரு சுற்றில் செத்தவன் அடுத்த சுற்றுவரை எழுந்திருக்க முடியாது. அதனால் ஓடிக்கொண்டே சுடுகிற ஆட்டம் இல்லை. பொறுத்திருந்து, மூலையில் நின்று, காலடிச் சத்தம் கேட்டு ஆடுகிற ஆட்டம். ஒரு விசேஷம் உண்டு: தோட்டாவுக்குச் சொந்தம் பந்தம் தெரியாது. தன் அணிக்காரனைச் சுட்டாலும் அவன் செத்துத்தான் போவான்.

அவனும் நண்பர்களும் ஆடுகிற ஆட்டக்கூடத்தில் உடைந்த தடுப்புக் கண்ணாடியை மாற்றப் போனவர் கண்ணாடிக்காரர். அன்றைக்கு ஐந்தாவது ஆள் வரவில்லை. "சும்மா உக்காருங்க மாமா, ஒரு ஆட்டம்தான்" என்று மைத்துனன் கையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தான். உட்கார்ந்தவர் ஒரு மூலையில் போய் நின்றார். நின்றார், நின்றுகொண்டே இருந்தார். எதிரி தலையை நீட்டினான். பார்த்தார், ஆள் யார் என்று தெரிந்துகொண்டார், சுட்டார். ஒரே தோட்டா. அணியில் சுண்டெலி என்று ஒருவன் உண்டு, வாய் கொழுத்தவன். "பெரிசு, இது கண்ணாடிக் கடையா, வேட்டைக்காடா?" என்று அவன் கேட்டதில் மற்றவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அன்றிலிருந்து ஐந்தாவது நாற்காலி பெரிசுக்கு.

இரண்டு வருடம் அப்படிப் போனது. பிறகு எதிரே வந்தவர்கள் வேகமாகிவிட்டார்கள். இவர் பார்த்து, தெரிந்து, சுடுவதற்குள் இவர் தரையில் கிடப்பார்.

"மாமா, உங்க கை கண்ணுக்குப் பின்னாடி நடந்து வருது" என்றான் மைத்துனன்.

"கண்ணுக்கு முன்னாடி போற கை திருடன் கைடா."

"சிரிக்காதீங்க. இப்படியே போனா உங்களை வச்சு ஆட முடியாது. எய்ம் ட்ரெய்னர்னு ஒண்ணு இருக்கு. குறி பழகறதுக்குன்னே செஞ்சது. போட்டுத் தர்றேன், தினம் ஒரு மணி நேரம் உக்காருங்க."

பழைய கணினி ஒன்றை வாங்கிப் படுக்கையறை ஜன்னலோரம் வைத்தார்கள். மென்பொருளைத் திறந்தால் சாம்பல் நிறத்தில் ஒரு சுவர். அதில் ஒரு சிவப்பு உருண்டை தோன்றும். குறியைக் கொண்டுபோய் அழுத்தினால் மறையும். மறைந்த கணமே வேறு இடத்தில் இன்னொன்று. அறுபது நொடி. முடிந்ததும் எத்தனை அடித்தாய், எத்தனை தவறவிட்டாய், உலகத்தில் இதை ஆடுகிறவர்களில் நீ எங்கே நிற்கிறாய் என்று காட்டும். சிறிய உருண்டை, ஓடும் உருண்டை, முதுகுக்குப் பின்னால் முளைக்கும் உருண்டை என்று விதவிதமான பயிற்சி.

முதல் நாள் நூறு பேரில் எழுபது பேர் அவருக்கு முன்னால் நின்றார்கள். மேசையில் அவருக்கு முன்னால் ஒருவன் நின்று பத்து வருடமாகிறது. விடுவாரா?

விடியும்போதே எழுந்து உட்கார்ந்துவிடுவார். மணிக்கட்டு வலித்தால் துணி சுற்றிக்கொள்வார். மவுஸ் எவ்வளவு நகர்ந்தால் குறி எவ்வளவு நகர வேண்டும் என்பதை மயிரிழை மயிரிழையாக மாற்றி, தன் கைக்கு ஏற்ற அளவைக் கண்டுபிடித்து, அதைக் கண்ணாடித் துண்டு ஒன்றில் எழுதி ஜன்னலில் சாய்த்து வைத்தார். மனைவிக்கு ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில் வேலை. காலை ஏழு மணிக்குக் கிளம்ப வேண்டும். தலைமாட்டில் டக் டக் டக் என்று சத்தம்.

"மனுசனைக் கட்டிக்கிட்டேன்னு நினைச்சேன். மரங்கொத்தியைக் கட்டியிருக்கேன்" என்பாள்.

"மரங்கொத்திக்கு உலகத்துல எத்தனாவது இடம்னு காட்டச் சொல்லு. நான் காட்டறேன்."

"இடம் பிடிச்சு என்ன செய்யப் போறீங்க? சட்டையில குத்திக்கப் போறீங்களா?"

பத்து மாதம். நூறு பேரில் தொண்ணூற்றெட்டுப் பேர் பின்னால் போய்விட்டார்கள். பட்டறையில் இதே பேச்சு. முதலாளிக்கு இந்த ஆட்டத்தின் தலையும் தெரியாது வாலும் தெரியாது; அவரையும் நிறுத்தி வைத்துச் சொல்வார். "முதலாளி, இப்பல்லாம் நான் பாக்கறதே இல்ல. கண்ணுல படறதுக்கு முன்னாடி கை முடிச்சிடுது. ஆனா தப்பாது. என் தோட்டா தப்பான இடத்துக்குப் போச்சுன்னு ஒருத்தன் சொல்லட்டும், கட்டரைக் கீழ வச்சிடறேன்."

அவர் சொன்னதில் பொய் இல்லை. கவனிக்காமல் விட்டது ஒன்றுதான். அந்தச் சாம்பல் சுவரில், பத்து மாதத்தில் தோன்றிய லட்சோபலட்சம் உருண்டைகளில், சுடக்கூடாதது என்று ஒன்றுகூட இல்லை. தோன்றினால் சுட வேண்டும், அவ்வளவுதான் பாடம். கை அதைச் சரியாகப் படித்துக்கொண்டது.

அந்த வருடம் பெரிய போட்டி ஒன்று அறிவித்தார்கள். ஜெயிக்கிற அணிக்கு ஒரு நிறுவனம் மாதச் சம்பளம் கொடுத்து, ஒரு வருடம் ஆட்டத்துக்கென்றே வைத்துக்கொள்ளும். மைத்துனன் பார்சல் கொண்டுபோய்க் கொடுக்கிற வேலையை விட்டுவிட்டான். சுண்டெலியும் மற்ற இருவரும் அப்படியே. மூன்று ஆட்டம் ஜெயித்தார்கள். ஜெயித்ததில் பாதி பெரிசின் கை. அதை எதிரணிக்காரர்களே ஒப்புக்கொண்டார்கள்.

கடைசி ஆட்டம் ஞாயிற்றுக்கிழமை, பகல் பன்னிரண்டு மணிக்கு. மண்டபத்துக்கு வெளியே தேநீர் குடித்துக்கொண்டு நின்றபோது மைத்துனன் அவரைத் தனியே கூப்பிட்டான்.

"மாமா, ஒரு விஷயம். முன்னாடியே சொல்லியிருக்கணும்."

"சொல்லு மாப்ள."

"ஜெயிச்சா, நிறுவனத்துக்காரங்க முப்பது வயசுக்கு உள்ள இருக்கறவங்களைத்தான் எடுப்பாங்களாம். விதியாம். உங்க இடத்துக்கு வேற ஒருத்தனைப் பாத்து வச்சிருக்கோம்."

"எப்பத் தெரியும் உனக்கு?"

"ரெண்டு வாரமா."

கண்ணாடிக்காரர் கோப்பையைக் கீழே வைத்தார். "அப்போ என் நாற்காலியில வேறொருத்தன் உக்கார்றதுக்கு, நானே ஜெயிச்சுத் தரணும். நல்ல கதைடா" என்றார்.

சொல்லிவிட்டுச் சிரித்தார். சிரிப்பு சரியாக வரவில்லை. சுண்டெலி இரண்டடி தள்ளி நின்று ரொட்டி தின்றுகொண்டிருந்தான். அவன் சிரிக்கவில்லை.

அதன்பிறகு அவர் ஆடிய ஆட்டம் இருக்கிறதே, அப்படி அவர் வாழ்நாளில் ஆடியதில்லை. மனக்குறை இருக்கிறவன் கையா அது என்று கேட்கத் தோன்றும். ஒரே சுற்றில் நான்கு பேரைச் சாய்த்தார். மண்டபமே எழுந்து நின்றது. கணக்கு பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு என்று வந்து நின்றது. மிச்சம் ஒரே சுற்று.

குண்டு வைத்தாகிவிட்டது. நாற்பது நொடியில் வெடிக்கும். இந்தப் பக்கம் இவரும் மைத்துனனும். அந்தப் பக்கம் ஒரே ஒருவன். அவன் வந்து குண்டைச் செயலிழக்க வைத்தால்தான் அவர்களுக்கு வெற்றி. இவர்கள் இருவரும் சும்மா காவல் இருந்தாலே போதும். கண்ணாடிக்காரர் பெட்டிகளுக்குப் பின்னால் நின்று, கிடங்கின் வாசலில் குறியை வைத்திருந்தார்.

காதில் மைத்துனன் குரல். "மாமா, நான் அந்த வாசல் வழியாத்தான் உங்ககிட்ட வர்றேன். நான்தான். சுட்டுடாதீங்க."

"வாடா" என்றார்.

வாசலில் ஓர் உருவம் தோன்றியது. விரல் அழுத்தியது.

ஒரே தோட்டா, நடு நெற்றி. உருவம் விழுந்த பிறகுதான் அதன் சட்டை நிறம் அவர் கண்ணுக்கு வந்தது. மண்டபத்தில் ஆயிரம் பேர் இருந்திருப்பார்கள். ஒரு நாற்காலி நகரும் சத்தம் தனியாகக் கேட்டது. விழுந்து கிடந்த உருவத்தையே அவர் பார்த்துக்கொண்டிருந்தார். சத்தம் வந்த திக்கை வைத்து எதிரி இடப்பக்கமாக வந்து அவரையும் சுட்டான். உட்கார்ந்து, நிதானமாக, குண்டைச் செயலிழக்க வைத்தான்.

மைத்துனன் ஹெட்போனைக் கழற்றி, ஒயரை ஒழுங்காகச் சுருட்டி, மேசைமேல் வைத்தான்.

வெளியே வந்ததும் சுண்டெலிதான் ஆரம்பித்தான். "பெரிசு, கை தவறிடுச்சுன்னு மட்டும் சொல்லாதீங்க. தொண்ணூத்தெட்டு பேரை முந்தின ஆளு நீங்க. காலுல பட்டிருந்தா நம்பலாம். தோள்ல பட்டிருந்தா நம்பலாம். நெத்தியில வச்சிருக்கீங்க."

"டேய், வாயை அடக்கு. அவன் என் புள்ளைடா."

"நாற்காலிப் பேச்சு எங்க காதுலயும் விழுந்துச்சு."

கண்ணாடிக்காரர் மைத்துனன் பக்கம் திரும்பினார். அவன் தரையைப் பார்த்துக்கொண்டே கேட்டான். "நான் வர்றேன்னு சொன்னது கேட்டுச்சா மாமா?"

"கேட்டுச்சு."

"வாடான்னு சொன்னீங்க."

"சொன்னேன்."

"அப்புறம்?"

"கை போயிடுச்சுடா. நான் போகல. கை போயிடுச்சு."

அவன் நம்ப ஆசைப்பட்டான் என்றுதான் சொல்ல வேண்டும். முகத்தில் அது தெரிந்தது. ஆனால் வேலையை விட்டுவிட்டு வந்த மூன்று பேர் பின்னால் நிற்கிறார்கள். நம்புகிறேன் என்று அவர்கள் முன்னால் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. அன்று வீட்டுக்கு வரவில்லை. மறுநாள் அக்காள் வேலைக்குப் போன நேரமாகப் பார்த்து, துணிமணிகளை ஒரு பையில் அள்ளிக்கொண்டு, சுண்டெலியின் அறைக்குக் குடிபோய்விட்டான். பார்சல் வேலையில் மறுபடி சேர்ந்துகொண்டான் என்று பிறகு தெரிந்தது.

மனைவி சண்டை போடவில்லை. போட்டிருந்தால் நல்லது. தட்டை வைப்பாள், தண்ணீர் வைப்பாள், எதிரே உட்கார்ந்து சுவரைப் பார்ப்பாள். ஒரு நாள் மட்டும் கேட்டாள். "சத்தியமா தெரியாமதானே சுட்டீங்க?"

"உனக்குமாடி சந்தேகம்?"

"எனக்கு இல்ல. அவனுக்கு நான் என்ன பதில் சொல்றது? ஆம்பளைங்க ரெண்டு பேருக்கும் நடுவுல நான் இழுபடற தாம்புக்கயிறு மாதிரி கிடக்கறேன்."

பட்டறையில் ஒரு நாள், கட்டரைக் கையில் எடுத்தபோதுதான் அவருக்கு விஷயம் விளங்கியது. பத்து மாதம் தன் கைக்கு என்ன சொல்லிக் கொடுத்தோம் என்று முதல் தடவையாக யோசித்தார். அரைநாள் விடுப்புச் சொல்லிவிட்டு வீட்டுக்கு ஓடினார். அந்த மென்பொருளில் பயிற்சியை நாமே அமைத்துக்கொள்ள ஓர் இடம் உண்டு. எல்லாம் ஆங்கிலம். ஒரு எழுத்து தெரியாது. ஒவ்வொரு பொத்தானாக அழுத்தி, என்ன மாறுகிறது என்று பார்த்து, ஐந்து நாளில் அமைத்துவிட்டார். பட்டம் வாங்கியவனால் முடியாததை இந்த மாதிரி ஆட்கள்தான் செய்வார்கள். சுவரில் சிவப்பு உருண்டைகள் வரும். இடையிடையே ஒரு நீல உருண்டை வரும். சிவப்பைச் சுட வேண்டும். நீலத்தைச் சுடக்கூடாது.

முதல் காலை அறுபது நொடியில் நீலம் ஒன்பது செத்தது. மறுநாள் ஏழு. அதற்கு மறுநாள் எட்டு. நிறம் மண்டைக்கு எட்டுவதற்குள் விரல் அழுத்திவிடுகிறது. கண்ணாடிக்காரருக்கு அழுகையும் வந்தது, சந்தோஷமும் வந்தது. மனைவியை உலுக்கி எழுப்பினார்.

"பாருடி. இதான். இதைத்தான் நான் சொன்னேன். அவனை ஒரே ஒரு தடவை வந்து பாக்கச் சொல்லு. அவனுக்கு இது புரியும். உன் தம்பி ஆட்டக்காரன்."

அவள் ஆறு நாள் கெஞ்சினாள். அடுத்த ஞாயிறு சாயங்காலம் நாலு மணிக்கு அவன் வந்தான். ஹெல்மெட்டைக் கையிலேயே வைத்துக்கொண்டு, படுக்கையறைக் கதவில் சாய்ந்து நின்றான். மெலிந்திருந்தான்.

"உக்காருடா."

"பரவால்ல மாமா. காட்டுங்க."

கண்ணாடிக்காரர் எல்லாவற்றையும் விளக்கிச் சொன்னார். உட்கார்ந்து, துணியைக் கையில் சுற்றி, தொடங்கினார்.

அறுபது நொடி. சிவப்பு எழுபத்துநாலு. நீலம் ஒன்றும் இல்லை.

"இரு, இன்னொரு தடவை."

சிவப்பு எழுபத்தொன்று. நீலம் ஒன்றுமில்லை. முதுகுக்குப் பின்னால் அவன் நிற்கிறான் என்ற நினைப்பு. அந்த நினைப்பில் கை, சொன்ன பேச்சுக் கேட்கிற குழந்தையைப் போல நடந்துகொண்டது. நீலம் வந்தபோதெல்லாம் விரல் தானாகவே எழும்பி நின்றது. பத்து மாதத்தில் ஒரு நாளும் அவர் கை இத்தனை ஒழுங்காக இருந்ததில்லை. பாழாய்ப் போன கை, திருந்துவதற்குக் கண்டுபிடித்த நேரம்.

"இன்னிக்குக் காலையிலகூட எட்டு போச்சுடா. உன் அக்காவைக் கேளு."

"பாத்தேன்டா தம்பி, நெசமாத்தான்" என்றாள் அவள், கட்டிலின் ஓரத்தில் இருந்து.

அவன் ஹெல்மெட்டை அடுத்த கைக்கு மாற்றிக்கொண்டான். கண்ணாடிக்காரர் மூன்றாவது தடவை தொடங்கினார். முப்பது நொடி போனது. நாற்பது போனது. ஒரு நீலம் முளைத்தது. அவர் பார்த்தார், நீலம் என்று தெரிந்துகொண்டார், அழுத்தினார். சற்றுப் பொறுத்து இன்னொன்று. அதையும் அழுத்தினார்.

"பாரு! பாத்தியா? ரெண்டு!"



"மாமா" என்றான் மைத்துனன். குரலில் கோபம் இல்லை. "சிவப்பெல்லாம் வந்த உடனே நீங்க அடிச்சீங்க. அந்த ரெண்டுல மட்டும் குறி போய் நின்னுச்சு. நின்னு, அப்புறம் அழுத்துனீங்க. இதெல்லாம் எனக்குத் தெரியாதா? நான் இதையே பாத்துட்டு இருக்கற ஆளு."

கண்ணாடிக்காரர் மவுஸிலிருந்து கையை எடுத்தார்.

"நீலம்னு தெரிஞ்சுதான் சுட்டீங்க."

"உனக்குப் புரியணுமேன்னு சுட்டேன்டா. இதை மட்டும். இந்த ரெண்டை மட்டும்."

"வேணும்னா உங்களால தெரிஞ்சே சுட முடியும். தெரியாம சுட்டேன்னு சொல்லவும் முடியும். அவ்வளவுதான் மாமா நான் பாத்தது."

"டேய், உக்காருடா, அவரு தெரியாத்தனமா…" என்று அக்காள் எழுந்தாள்.

"விடுக்கா. வேலைக்கு நேரமாச்சு."

"ஞாயித்துக்கிழமை என்னடா வேலை?"

அவன் ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டான். படியிறங்கும் சத்தம் கேட்டது. கீழே வண்டி கிளம்பியது. அவள் வாசல்வரை போனவள் திரும்பி வர நேரமானது. வந்து கட்டிலில் உட்கார்ந்தாள். கண்ணாடிக்காரர் திரையைப் பார்த்தபடியே இருந்தார். சாம்பல் சுவர் காலியாக இருந்தது.

"இன்னிக்குக் காலையில எட்டு போச்சு இல்ல? நீ பாத்தே இல்ல?" என்றார்.

"பாத்தேன்."

"அது தெரியாம போனதுதானே?"

அவள் அவர் கையைப் பார்த்தாள். துணி சுற்றிய மணிக்கட்டை, விரலை, ரொம்ப நேரம் பார்த்தாள். வேறு யாருடைய கையையோ பார்ப்பதுபோல் இருந்தது அந்தப் பார்வை.

"எனக்கு எப்படிங்க தெரியும்?" என்றாள்.